விவாகரத்துத் தீர்ப்புக்குப் பின் மறுமணம்: மேல்முறையீட்டு நாட்களை எப்படி எண்ணுவது?

குடும்ப நீதிமன்றம் விவாகரத்து வழங்கிய அன்றே திருமணம் முறிந்துவிடுகிறது. ஆனால் மறுமணம் செய்துகொள்ளும் உரிமை பெரும்பாலான வழக்குகளில் அன்றே பிறப்பதில்லை. தீர்ப்பு வந்த கையோடு வரன் பார்த்து, ஆவணி முதல் முகூர்த்தத்துக்கே மண்டபம் பேசிவிடும் குடும்பங்கள் உண்டு. மறுபக்கம், ‘அவர்தான் வேறு திருமணம் செய்துகொண்டாரே, இனி மேல்முறையீடு செய்து என்ன ஆகப்போகிறது’ என்று காலக்கெடுவைக் கைநழுவ விடுபவர்களும் உண்டு. மறுமணம் நடந்துவிட்டால் பழைய வழக்கு தானாகவே முடிந்துவிடும் என்று இரு சாராரும் நம்புகிறார்கள். அது சரியன்று. மறுமணத்தால் மேல்முறையீடு செத்துவிடுவதில்லை. மேல்முறையீடு நிலுவையில் இருந்தது என்பதற்காக மட்டுமே மறுமணம் செல்லாததாகிவிடுவதும் இல்லை. எது எந்தத் தேதியில் நடந்தது என்பதைப் பொறுத்தே எல்லாம் அமைகிறது. ஆகவே வழக்கறிஞரைப் பார்க்கப் போகும்முன் ஒரு தாளில் தேதிகளை வரிசையாக எழுதிக்கொள்வது நல்லது. தீர்ப்பு தேதி, நகல் மனு போட்ட தேதி, நகல் கிடைத்த தேதி, மேல்முறையீடு தாக்கலான தேதி, இடைக்கால உத்தரவு ஏதேனும் இருந்தால் அதன் தேதி, மறுமணம் நடந்த தேதி ஆகியவை அதில் இருக்க வேண்டும். கீழே வரும் ஒவ்வொரு படியும் இந்தத் தாளை வைத்துத்தான் நகரும்.

இங்கே சொல்லப்படுவது முக்கியமாக 1955ஆம் ஆண்டு இந்து திருமணச் சட்டத்தின்கீழ் தமிழ்நாட்டு நீதிமன்றங்களில் விவாகரத்து பெற்றவர்களுக்கானது. சிறப்புத் திருமணச் சட்டத்தின்கீழ் மணந்தவர்களுக்கு அச்சட்டத்தின் 30ஆம் பிரிவு ஏறத்தாழ இதே விதியைச் சொல்கிறது. கிறிஸ்தவர்களுக்குப் பொருந்தும் 1869ஆம் ஆண்டு விவாகரத்துச் சட்டத்தின் 57ஆம் பிரிவு, 2001ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு, உச்ச நீதிமன்ற மேல்முறையீட்டையும் பெயர் சொல்லியே சேர்த்துக்கொள்கிறது. அதனால் அவர்கள் இன்னும் கூடுதலாகக் காத்திருக்க வேண்டும்.

முதல் படி: மேல்முறையீட்டுக்கு இடம் உண்டா என்று பார்ப்பது

இந்து திருமணச் சட்டத்தின் 15ஆம் பிரிவுதான் எல்லாவற்றுக்கும் அடிப்படை. தீர்ப்பை எதிர்த்து மேல்முறையீடு செய்யும் உரிமையே இல்லாதபோதோ, உரிமை இருந்தும் காலக்கெடு முடியும்வரை எவரும் மேல்முறையீடு செய்யாதபோதோ, செய்த மேல்முறையீடு தள்ளுபடியாகிவிட்டபோதோ மட்டுமே இருவரில் எவரும் மறுமணம் செய்துகொள்வது சட்டப்படி முறையாகும் என்று அது கூறுகிறது. முன்பு இதே பிரிவில் ஓராண்டு காத்திருக்க வேண்டும் என்ற நிபந்தனையும் இருந்தது. 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அதை நீக்கிவிட்டது. ‘ஒரு வருடம் கழித்துத்தான் கட்ட வேண்டும்’ என்று இன்றும் சிலர் சொல்வது அந்தப் பழைய விதியின் எச்சமே.

இருவரும் சம்மதித்து 13பி பிரிவின்கீழ் பெற்ற தீர்ப்பு என்றால், குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 19(2) பிரிவின்படி அதற்கு மேல்முறையீடு கிடையாது. அத்தகையோர் காத்திருக்க வேண்டியதில்லை. ஆனால் சம்மதமே மோசடியாக அல்லது மிரட்டிப் பெறப்பட்டது என்று ஒருவர் அதே நீதிமன்றத்தை அணுகுவதை இது தடுக்காது.

ஒருவர் வழக்குத் தொடுத்து மற்றவர் எதிர்த்து நின்ற வழக்கில், தீர்ப்பளித்தது குடும்ப நீதிமன்றமா, சார்பு நீதிமன்றமா என்பதைத் தீர்ப்பின் முதல் பக்கத்திலேயே பார்த்துக்கொள்ளுங்கள். குடும்ப நீதிமன்றம் என்றால் மேல்முறையீடு நேராகச் சென்னை உயர் நீதிமன்றத்துக்கோ, தென்மாவட்டங்களுக்கு அதன் மதுரைக் கிளைக்கோ செல்லும். அங்கே இரு நீதிபதிகள் கொண்ட அமர்வு விசாரிக்கும். வழக்கறிஞர்கள் அதைச் சி.எம்.ஏ. என்பார்கள். குடும்ப நீதிமன்றம் இல்லாத ஊர்களில் சார்பு நீதிமன்றம் தீர்ப்பளித்திருந்தால், முதல் மேல்முறையீடு மாவட்ட நீதிமன்றத்துக்கும், அதன்பின் சட்டக் கேள்விகளுக்காக மட்டும் உயர் நீதிமன்றத்துக்கும் போகும். அதாவது ஒரு படி கூடுதல். ஒவ்வொரு படியிலும் நாட்கள் புதிதாக எண்ணப்படும் என்று வைத்துக்கொள்வதே பாதுகாப்பு.

விவாகரத்து அல்லாமல், திருமணமே செல்லாது என்று 11 அல்லது 12ஆம் பிரிவின்கீழ் தீர்ப்புப் பெற்றவர்கள், தமக்கு 15ஆம் பிரிவு பொருந்தாது என்று எண்ணிவிடக் கூடாது. அத்தகைய தீர்ப்புக்கும் இந்தக் காத்திருப்பு பொருந்தும் என்று உச்ச நீதிமன்றம் 1989இல் சொல்லிவிட்டது. அந்த வழக்கில் கணவர் மறுமணம் செய்துகொண்டதைக் காட்டி மேல்முறையீடே பயனற்றது என்று வாதிட்டும் அது எடுபடவில்லை.

இரண்டாம் படி: நாட்களைத் தனக்கு எதிராகவே எண்ணுவது

இங்கேதான் பெரும்பாலானோர் இடறுகிறார்கள், ஏனெனில் சட்டப் புத்தகத்தில் இரண்டு எண்கள் இருக்கின்றன. குடும்ப நீதிமன்றச் சட்டத்தின் 19ஆம் பிரிவு 30 நாட்கள் என்கிறது. இந்து திருமணச் சட்டத்தின் 28ஆம் பிரிவு, 2003ஆம் ஆண்டுத் திருத்தத்துக்குப் பிறகு, 90 நாட்கள் என்கிறது. பம்பாய் உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு 2016இல் 90 நாட்களே பொருந்தும் என்று முடிவு செய்தது. இந்த வாதத்தில் யார் சரி என்று புதியவர் தலையை உடைத்துக்கொள்ளத் தேவையில்லை. மேல்முறையீடு செய்ய நினைப்பவர் தமக்கு 30 நாட்கள்தான் என்று எண்ணி ஓட வேண்டும்; மறுமணம் செய்ய நினைப்பவர் எதிர்த்தரப்புக்கு 90 நாட்கள் உண்டு என்று எண்ணிக் காத்திருக்க வேண்டும். இருவரும் இப்படித் தமக்குப் பாதகமான எண்ணையே பிடித்துக்கொண்டால் எந்தத் தீர்ப்பு எப்படி மாறினாலும் பாதிப்பு வராது.

அதோடு, தீர்ப்பின் சான்றிட்ட நகலைப் பெறுவதற்குச் செலவான நாட்கள், காலவரையறைச் சட்டத்தின் 12ஆம் பிரிவின்படி, கணக்கிலிருந்து கழிக்கப்படும். கற்பனையாக ஒரு வழக்கை எடுத்துக்கொள்வோம். தீர்ப்பு 2024 ஜூன் 3 அன்று வந்தது. எதிர்த்தரப்பு ஜூன் 10 அன்று நகல் மனு போட்டது. ஜூலை 5 அன்று நகல் தயாரானது. தீர்ப்பு நாளை விட்டுவிட்டு எண்ணினால் 90 நாட்கள் செப்டம்பர் 1 அன்று முடியும். அது ஞாயிற்றுக்கிழமை, ஆகவே நகல் நாட்களைச் சேர்க்காமலேயே மறுநாள் தாக்கல் செய்தாலும் காலத்துக்குள்தான். நகலுக்கான 26 நாட்களையும் சேர்த்தால் கடைசி நாள் செப்டம்பர் 27. இதே வழக்கில் 30 நாள் கணக்கு என்றால் ஜூலை 29 கடைசி நாளாகும். ஆக, ‘தொண்ணூறு நாள் முடிந்துவிட்டது’ என்று செப்டம்பர் முதல் வாரம் தாலி கட்டியவர், தாம் அறியாமலேயே மேல்முறையீட்டுக் காலத்துக்குள் மணந்தவராகிவிடுகிறார். எதிர்த்தரப்பு எப்போது நகல் மனு போட்டது என்பது உங்கள் கையிலிருக்கும் நகலில் தெரியாது. அவர்களுடைய நகலின் பின்பக்க முத்திரையில்தான் அந்தத் தேதிகள் இருக்கும்.

விவாகரத்துத் தீர்ப்பின் நகலை இரு தரப்பினருக்கும் கட்டணமின்றி நீதிமன்றம் தர வேண்டும் என்று இந்து திருமணச் சட்டத்தின் 23(4) பிரிவு சொல்கிறது. அதை நம்பிக் காத்திருக்காமல், மேல்முறையீடு செய்ய எண்ணுபவர் தீர்ப்பு வந்த வாரத்திலேயே நகல் மனுவைப் போட்டுவிட வேண்டும்.

மறுமணம் செய்துகொள்ளப் போகிறவருக்கு

90 நாட்களும் அதன்மேல் நகலுக்கான கால அவகாசமும் கடந்த பிறகு, மேல்முறையீடு ஏதும் தாக்கலாகவில்லை என்பதை நீங்களே தேடி உறுதிசெய்துகொள்ள வேண்டும். ‘எனக்கு நோட்டீஸ் வரவில்லை’ என்பது இங்கே போதுமான பதிலன்று. 1966இல் உச்ச நீதிமன்றத்துக்கு வந்த ஒரு வழக்கில், உயர் நீதிமன்றம் விவாகரத்து வழங்கியபின் கணவர் வேறொருவரை மணந்து குழந்தையும் பிறந்திருந்தது. மனைவி சிறப்பு அனுமதி மனு (உச்ச நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய அனுமதி கேட்கும் மனு) போட்டபோது, இதையெல்லாம் காட்டி அனுமதியை ரத்துசெய்யுமாறு அவர் கேட்டார். அவசரமாக மணந்துகொண்டு மனைவியின் உரிமையைப் பறிக்க முடியாது, மனு ஏதும் போடப்பட்டிருக்கிறதா என்று விசாரித்துக்கொள்ள வேண்டியது அவர் பொறுப்பு என்று நீதிமன்றம் சொன்னதோடு, விவாகரத்தையும் ரத்துசெய்தது. 1988இல் வந்த இன்னொரு தீர்ப்பும் இதையே வலியுறுத்தியது. எனவே உயர் நீதிமன்றத்தில் வென்றவர், உச்ச நீதிமன்றத்தை அணுகுவதற்கான 90 நாட்களையும் விட்டுவிட்டு, அதன் இணையதளத்திலும் தேடிப் பார்த்த பிறகே முகூர்த்தம் குறிக்க வேண்டும்.

தேடுவது கடினமன்று. இ-கோர்ட்ஸ் என்னும் நீதிமன்ற இணையதளத்தில் உங்கள் வழக்குக்கென்றே தரப்பட்ட 16 இலக்கச் சி.என்.ஆர். எண்ணைக் கொடுத்தால் கீழ் நீதிமன்ற நிலவரம் தெரியும். உயர் நீதிமன்ற வழக்கு நிலவரப் பக்கத்தில் இரு தரப்பின் பெயரையும், ஆங்கில எழுத்துக்கூட்டல் எப்படியெல்லாம் மாறக்கூடுமோ அப்படியெல்லாம் மாற்றித் தேடுங்கள். சண்முகம் என்ற ஒரே பெயரை எத்தனை விதமாக எழுதுவார்கள் என்பது நமக்குத் தெரியும். தேடிய தேதியோடு அந்தப் பக்கத்தை அச்சிட்டு வைத்துக்கொள்வது பின்னால் உதவும்.

தீர்ப்பு வந்தவுடனேயே உயர் நீதிமன்றத்தில் கேவியட் மனு தாக்கல் செய்வது இன்னொரு காப்பு. எதிர்த்தரப்பு மேல்முறையீட்டோடு தடை கேட்டால், உங்களைக் கேட்காமல் உத்தரவு பிறப்பிக்கப்படாது. அதைவிட முக்கியமாக, மேல்முறையீடு வந்திருக்கிறது என்பது உங்களுக்குத் தெரிந்துவிடும். கேவியட்டின் ஆயுள் 90 நாட்கள்தான். முடிந்ததும் புதுப்பிக்க வேண்டும். அதன் நகலை எதிர்த்தரப்புக்குப் பதிவு அஞ்சலில் அனுப்ப வேண்டியிருப்பதால், தூங்கிக்கொண்டிருந்தவரை எழுப்பிவிடுமே என்று சிலர் தயங்குவார்கள். மறுமணம் செய்ய உறுதியாக இருப்பவருக்கு, எதிர்த்தரப்பு இப்போதே எழுந்துகொள்வதுதான் நல்லது என்பேன்.

காலக்கெடுவுக்குள் மேல்முறையீடு தாக்கலாகிவிட்டது என்று தெரிந்தால், அது முடியும்வரை மணம் செய்யாதிருப்பதே ஒரே வழி. சாதாரண உரிமையியல் வழக்குகளில் மேல்முறையீடு செய்ததனால் மட்டும் தீர்ப்பு நின்றுவிடாது, தனியே தடை வாங்க வேண்டும். விவாகரத்தில் தீர்ப்பு அமலில் இருந்தாலும், மறுமண உரிமை மட்டும் 15ஆம் பிரிவால் தள்ளிப்போகிறது.

தீர்ப்பை எதிர்க்கப் போகிறவருக்கு

காலக்கெடுவுக்குள் வருபவருக்கு மேல்முறையீடே பெரிய காப்பு. தாக்கல் எண் கிடைத்த அன்றே, மேல்முறையீடு செய்யப்பட்டிருக்கிறது என்று எதிர்த்தரப்புக்கும் அவருடைய வழக்கறிஞருக்கும் பதிவு அஞ்சலில் அறிவித்துவிடுங்கள். ‘தெரியாமல் மணந்துகொண்டேன்’ என்ற வாதத்துக்கு அதன்பின் இடமிராது.

காலம் கடந்து வருபவர் நிலை வேறு. காலதாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவோடு மேல்முறையீட்டைத் தாக்கல் செய்யலாம். ஆனால் அது ஏற்கப்பட்டாலும் 15ஆம் பிரிவின் தடை தானாகத் திரும்பி வராது. காலக்கெடுவுக்குள் தாக்கலான மேல்முறையீட்டுக்குத்தான் அந்தத் தடை உண்டு, தாமதம் மன்னிக்கப்பட்டு ஏற்கப்பட்டதற்கு இல்லை, தீர்ப்புக்குத் தடையோ மறுமணத்துக்குத் தடையோ விதிக்கும் இடைக்கால உத்தரவு இருந்தால் மட்டுமே விதிவிலக்கு என்று உச்ச நீதிமன்றம் 2020 பிப்ரவரியில் தெளிவுபடுத்தியது. எனவே தாமதமாக வருபவர் தீர்ப்பை நிறுத்திவைக்கவும், எதிர்த்தரப்பு மறுமணம் செய்வதைத் தடுக்கவும் கோரும் இடைக்கால மனுவை முதல் நாளிலேயே சேர்த்துப் போட வேண்டும். இந்த ஒரு மனுவை மறந்ததனால் வழக்கின் உயிர் போன இடங்கள் உண்டு.

ஒருதலைத் தீர்ப்பு, அதாவது நீதிமன்ற வளாகத்தில் எக்ஸ்பார்ட்டி என்று சொல்லப்படுவது, மேலும் சிக்கலானது. வளைகுடா நாட்டில் வேலை பார்ப்பவருக்குச் சொந்த ஊர் முகவரிக்குச் சம்மன் போய்த் திரும்பி, பிறகு நாளிதழில் அறிவிப்பு வெளியாகி, அவர் அறியாமலேயே தீர்ப்பு வந்துவிடுவதுண்டு. அவர் மேல்முறையீடு செய்யலாம். அல்லது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆம் கட்டளை 13ஆம் விதியின்கீழ், தீர்ப்பளித்த அதே நீதிமன்றத்திலேயே அதை ரத்துசெய்யக் கேட்கலாம். இதற்கும் 30 நாட்கள்தான் அவகாசம். ஆனால் சம்மன் முறைப்படி சேர்க்கப்படவில்லை என்றால் தீர்ப்பைப் பற்றித் தெரியவந்த நாளிலிருந்து அந்த 30 நாட்கள் எண்ணப்படும். ஒருதலைத் தீர்ப்பை எதிர்த்த மேல்முறையீடு விசாரித்து முடிக்கப்பட்டுவிட்டால் பிறகு இந்த மனு போட முடியாது. ஆகவே எந்த வாசல் என்பதை முதலிலேயே தேர்ந்துகொள்ள வேண்டும்.

மறுமணத்தின் நிழல் அதிகமாக விழுவது இங்கேதான். தவறான முகவரி கொடுத்து, மற்றவரை இருட்டில் வைத்துத் தீர்ப்பு வாங்கியவருக்கு மறுமணம் கவசமாகாது. அதே சமயம், சம்மனை வாங்க மறுத்துவிட்டு ஆண்டுக்கணக்கில் சும்மா இருந்தவருக்கு நீதிமன்றம் இரங்குவதும் இல்லை. 2011இல் உச்ச நீதிமன்றம் முடித்த ஒரு வழக்கில் ஒருதலைத் தீர்ப்பு 1989இல் வந்தது, கணவர் 1991இல் மறுமணம் செய்தார், மனைவி 1993இல்தான் ரத்து மனு போட்டார். சம்மன் சேர்க்கப்பட்டதும், நான்காண்டுத் தாமதமும், இடையில் அமைந்துவிட்ட புதிய குடும்பமும் எடைபோடப்பட்டு, அந்த விவாகரத்து நிலைநிறுத்தப்பட்டது.

எதிர்த்தரப்பு ஏற்கெனவே மணந்துவிட்டால், என்ன வேண்டும் என்று முதலில் உங்களையே கேட்டுக்கொள்ளுங்கள். சேர்ந்து வாழ்வது இனி நடக்காத காரியமாக இருக்கலாம். ஆனாலும் கொடுமை செய்தவர் என்றோ ஒழுக்கம் தவறியவர் என்றோ தீர்ப்பில் பதிவானதை நீக்குவது, மனைவி என்ற நிலையோடு வரும் குடும்ப ஓய்வூதியம், வாரிசுரிமை ஆகியவற்றைக் காப்பது, தகுந்த நிரந்தர ஜீவனாம்சம் பெறுவது ஆகியவை மேல்முறையீட்டுக்கு நல்ல காரணங்களே. கணவர் இறந்த பிறகும்கூட ஒருதலை விவாகரத்தை ரத்துசெய்யக் கோர மனைவிக்கு உரிமை உண்டு என்று உச்ச நீதிமன்றம் 1990களிலேயே ஏற்றிருக்கிறது. மாறாக, மேல்முறையீடு செய்தவரே மறுமணம் செய்துகொண்டால், தீர்ப்பை ஏற்றுக்கொண்டு பயனடைந்தவராகவே நீதிமன்றம் அவரைப் பார்க்கும்.

திருமண உறவு மீட்க முடியாதபடி முறிந்துவிட்டது என்ற காரணத்துக்காக அரசமைப்பின் 142ஆம் பிரிவின்கீழ் விவாகரத்து வழங்கும் அதிகாரம் உச்ச நீதிமன்றத்துக்கு மட்டுமே உண்டு. 2023 மே 1 அன்று அரசியல் சாசன அமர்வு இதை உறுதிசெய்தது. எனவே உயர் நீதிமன்றத்தில் வென்ற மனைவி, எதிர்த்தரப்பு மறுமணம் செய்து நீண்ட காலம் ஆகியிருந்தால், உச்ச நீதிமன்றத்தில் ஒரு தொகையோடு வழக்கு முடிக்கப்படும் சாத்தியத்துக்கும் தயாராக இருக்க வேண்டும்.

காலத்துக்கு முன் நடந்த மணம் செல்லுமா?

15ஆம் பிரிவை மீறிய மணம் செல்லாது என்று அந்தச் சட்டத்தில் எங்கும் எழுதப்படவில்லை. பழைய ஓராண்டு நிபந்தனையை மீறிய மணம்கூடச் செல்லாததாகிவிடாது என்று 1978லேயே உச்ச நீதிமன்றம் கூறியது. 2018 ஆகஸ்டில் வந்த தீர்ப்பின் கதை கவனிக்கத்தக்கது. முதல் மனைவி பெற்ற விவாகரத்தை எதிர்த்துக் கணவரே மேல்முறையீடு செய்திருந்தார். பிறகு சமரசமாகி அதைத் திரும்பப் பெற மனு போட்டுவிட்டு, 2011 டிசம்பர் 6 அன்று வேறொருவரை மணந்தார். மேல்முறையீடு முறைப்படி தள்ளுபடியானது டிசம்பர் 20 அன்று. இந்த இரண்டு வார இடைவெளியைக் காட்டித் திருமணம் செல்லாது என்று வழக்குப் போட்டவர் முதல் மனைவியல்லர், இரண்டாம் மனைவி. டெல்லி உயர் நீதிமன்றம் அவர் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் அதை மாற்றி, சமரசமாகி மேல்முறையீட்டைக் கைவிட்டவருக்கு அந்தத் தடை பொருந்தாது என்றும் மணம் செல்லும் என்றும் சொன்னது. மேலே சொன்ன 2020 வழக்கிலும், ஜீவனாம்சம் கொடுக்காமல் தப்பிக்க, மனைவியின் முதல் விவாகரத்து மேல்முறையீட்டைத் தூக்கிக்கொண்டு வந்தவர் அவருடைய இரண்டாம் கணவர்தான். தேதிப் பிழை பெரும்பாலும் பழைய வீட்டிலிருந்து வெடிக்கும் என்று நினைக்கிறோம். புது வீட்டுக்குள்ளிருந்தும் அது வெடிக்கும்.

இதைப் படித்துவிட்டு ‘எப்படியும் செல்லும்’ என்று துணிந்துவிடக் கூடாது. மேல்முறையீட்டில் விவாகரத்தே ரத்தானால் முதல் திருமணம் உயிர்பெறும். அப்போது இரண்டாம் மணத்தின் கதி என்ன என்பதற்கு நேரடியாக விடை சொல்லும் பிரிவு சட்டத்தில் இல்லை. முதல் திருமணம் நிலைத்திருக்கும்போது நடந்த மணம் செல்லாது என்று 11ஆம் பிரிவு சொல்வதால், காலத்துக்கு முன் மணந்தவரின் வாதம் அங்கே மிகவும் மெலிந்துவிடும். இந்தியத் தண்டனைச் சட்டத்துக்குப் பதில் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவின் 82ஆம் பிரிவு இருதார மணத்துக்கு ஏழாண்டுவரை சிறை விதிக்கிறது. விவாகரத்து அமலில் இருந்தபோது மணந்தவரை அதில் சிக்கவைப்பது எளிதன்று என்றாலும், புகாருக்குப் பதில் சொல்லியே ஆண்டுகள் கழியும். இடைக்காலத் தடையை மீறி மணந்தால் நீதிமன்ற அவமதிப்பும் சேரும். பிள்ளைகளுக்கு மட்டும் இந்தத் தடுமாற்றம் இல்லை. பெற்றோரின் திருமணம் செல்லாததாக இருந்தாலும் இந்து திருமணச் சட்டத்தின் 16ஆம் பிரிவின்படி அவர்கள் முறைப்படி பிறந்தவர்களே. கூட்டுக் குடும்பச் சொத்தில் பெற்றோருக்கு வரும் பங்கிலும் அவர்களுக்கு உரிமை உண்டு என்று 2023 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஜீவனாம்சமும் செலவும்

ஜீவனாம்சம் பெறுபவர் மறுமணம் செய்துகொண்டால், அந்த உத்தரவை மாற்றவோ ரத்துசெய்யவோ இந்து திருமணச் சட்டத்தின் 25(3) பிரிவின்கீழ் மற்றவர் மனு போடலாம், அதுவாக நின்றுவிடாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125ஆம் பிரிவுக்குப் பதில் வந்த, பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 144ஆம் பிரிவும், மறுமணம் செய்யாத விவாகரத்தான பெண்ணுக்கே கணவரிடம் உரிமை தருகிறது. பிள்ளைகளின் பராமரிப்புத் தொகை தாயின் மறுமணத்தால் குறைவதில்லை.

பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இலவசமாக வழக்கறிஞரை அமர்த்தித் தரும். நீதிமன்ற வளாகத்திலேயே அதன் அலுவலகம் இருக்கும், 15100 என்ற எண்ணிலும் அழைக்கலாம். அங்கே போகும்போது தீர்ப்பின் நகல், சம்மன் வந்திருந்தால் அதன் உறை, எதிர்த்தரப்பின் மறுமணப் பத்திரிகை அல்லது திருமணப் பதிவு நகல், முதலில் சொன்ன தேதித் தாள் ஆகியவற்றை எடுத்துச் செல்லுங்கள். உறையைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். சம்மன் எந்த முகவரிக்கு, எந்தத் தேதியில் வந்தது என்பதற்கு அதன் மேலுள்ள அஞ்சல் முத்திரையே சாட்சி.